செய்தவரும் செய்வித்தவரும்

ஒரு தீவினை நிகழ்கையில் செய்தவர், செய்வித்தவர், உடன்பட்டவர் என மூவர்க்கும் அதில் பங்குண்டு என்று நம் முன்னோர் வகுத்துரைத்தனர். செய்தவர் அறியாச் சிறுவராயின் அவர் பங்கு யாது? இவ்வினாவை நாம் எளிதில் கடந்துவிட இயலாது.

இன்றைய தெற்கு சூடானில், வெள்ளை நைல் ஆற்றங்கரைச் சிற்றூர் ஒன்றில் பிறந்தவர் டெங் அடுட். 1980களில் மூண்ட உள்நாட்டுப் போரில், சூடான் மக்கள் விடுதலைப் படையினர் ஆறு வயதில் அவரைத் தாயிடமிருந்து பிரித்து, எத்தியோப்பியாவுக்குக் கால்நடையாகவே கொண்டு சென்றனர். ஏடு ஏந்த வேண்டிய கைகள் துப்பாக்கி ஏந்தின. போரில் அவர் முதுகிலும் குண்டு பாய்ந்தது. தமையனார் ஜான் அவரைச் சரக்கு வண்டியில் மறைத்துக் கென்யாவுக்குக் கடத்திக் காப்பாற்றினார். 1998இல் இருவரும் அகதிகளாக ஆஸ்திரேலியாவை அடைந்தனர். பதின்ம வயதில் எழுத்தறிந்த டெங், பின்னர்ச் சட்டம் பயின்று, சிட்னியின் மேற்கே பிளாக்டவுனில் வழக்கறிஞரானார். தம்மைப் போல் புலம்பெயர்ந்து வந்து குற்றம் சாட்டப்பட்ட இளைஞர்களுக்காக வாதாடினார். தாயகம் திரும்பிய தமையனார் 2014இல் அங்குப் போரில் மாண்டார். 2017ஆம் ஆண்டுக்கு நியூ சவுத் வேல்ஸ் மாநிலத்தின் சிறந்த ஆஸ்திரேலியராக டெங் தேர்ந்தெடுக்கப்பட்டார்.

உலகச் சட்டம் இவ்வினாவுக்கு ஒரு விடை தந்துள்ளது. 1998இல் உருவான ரோம் உடன்படிக்கை, 15 வயது நிரம்பாதோரைப் படையில் சேர்ப்பதைப் போர்க்குற்றம் என்கிறது. குற்றம் நிகழ்ந்தபோது 18 வயது நிரம்பாதவரைப் பன்னாட்டுக் குற்றவியல் நீதிமன்றம் விசாரிப்பதில்லை. செய்வித்தவரே குற்றவாளி என்பது இதன் கருத்து.

ஆயினும் இவ்விடை முழுமையானதன்று. உகாண்டாவின் டொமினிக் ஓங்வென் என்பாரும் சிறுவயதில், பள்ளி செல்லும் வழியில் கிளர்ச்சிப் படையினரால் கடத்தப்பட்டவரே. அவர் வளர்ந்து, தளபதியாகி, பிற சிறுவரைப் படையில் சேர்த்தார். 2021இல் அந்நீதிமன்றம் அவர் இளமைத் துயரைக் கருதித் தண்டனையைக் குறைத்தது; ஆனால் விடுவிக்கவில்லை. 25 ஆண்டுச் சிறை விதித்தது. செய்விக்கப்பட்ட சிறுவர், செய்விப்பவராக மாறும் இடத்தில் பொறுப்பும் அவரை வந்தடைகிறது.

வகுப்பறையில் நாம் கண்ட உண்மை ஒன்றுண்டு. பெரிய மாணவன் ஏவ, சிறுவன் மையைக் கொட்டிவிடுவான். கண்டிப்பு ஏவியவனுக்கே உரியது. எனினும் சிறுவனிடமும் ஒரு துணியைக் கொடுத்து, நம்முடன் சேர்ந்து தரையைத் துடைக்கச் செய்வோம். அது தண்டனையன்று, அவன் மனச்சுமை இறங்கும் வழி. "உன்மேல் குற்றமில்லை, போ" என்று மட்டும் சொல்லி அனுப்பினால், அச்சிறுவன் கறையைத் தன் நெஞ்சிலேயே சுமந்து செல்வான். டெங்கின் கையில் சட்டம் அத்தகைய துணியாயிற்று என்றே கருதுகிறோம்.

செய்தல், செய்வித்தல், உடன்படல் என்னும் பகுப்பு நல்வினைக்கும் பொருந்தும். கற்று உயர்ந்தவர் டெங். அதற்கு வழி செய்தவர் தமையனார். உடன்பட்டோர், அகதிக்கு இடமும் கல்வியும் அளித்த மக்கள். துன்புற்றுக் கலங்கிய பிள்ளை ஒன்று நம் வாயிலில் வந்து நிற்குமாயின், அதன் பழமையைத் துருவுவதினும் அதன் கையில் ஒரு நற்பணியைக் கொடுப்பதே நமது பங்காகும்.