உச்சிப்படி இல்லாத மரம்

1837-இல் சார்லஸ் டார்வின் தம் குறிப்பேட்டில் ஒரு சிறு மரத்தைக் கிறுக்கினார். கிளை விட்டு, சில கிளைகள் பாதியிலேயே நின்றுபோன மரம். ஐரோப்பியச் சமயச் சிந்தனை பல நூற்றாண்டுகளாகப் போற்றிவந்த ஏணியை அது ஆட்டம்காண வைத்தது: கல், செடி, விலங்கு, மனிதன், தேவதூதர், உச்சியில் கடவுள்.

மரத்தில் உச்சிப்படி கிடையாது.

பரிணாம மரத்தைப் படிக்கையில் பலரும் சறுக்குவது இங்கேதான். கிளை நுனிகளின் வரிசைக்குப் பொருளில்லை. இரு கிளைகள் எந்த இடத்தில் பிரிந்தன என்பதே உறவைச் சொல்லும். அந்த இடம்தான் பொது மூதாதை. மீனைப் போலத் தோன்றும் திமிங்கிலத்துக்கு, இன்று வாழும் உயிர்களில் மிக நெருங்கிய சொந்தம் நீர்யானை. மரபணு ஒப்பீடு அப்படிச் சொன்னபோது புதைபடிவ ஆய்வாளர்கள் பலர் தயங்கினர். பாகிஸ்தானில் கிடைத்த ஆதித் திமிங்கிலங்களின் கணுக்கால் எலும்புகள் பற்றிய ஆய்வுகள் 2001-இல் வெளிவந்தன. அந்த எலும்பின் இரு முனைகளிலும் கப்பி போன்ற வளைவு! மாடும் பன்றியும் நீர்யானையும் அடங்கிய குழுவுக்கே உரிய அடையாளம் அது.

காளானும் செடிகளைவிட நமக்கே நெருக்கம்.

அப்படியானால் மனிதனுக்குத் தனி மதிப்பே இல்லையா? கேள்வி நியாயமானது, ஆனால் மரத்திடம் கேட்கக்கூடியதல்ல. அது உறவை மட்டுமே சொல்கிறது. சிம்பன்சியிலிருந்து மனிதன் வந்தான் என்றுகூட அது சொல்வதில்லை. சுமார் 60, 70 லட்சம் ஆண்டுகளுக்கு முன் இருவருக்கும் ஒரே மூதாதை இருந்தது என்கிறது. மரத்தை ஏற்பவர் இறைநம்பிக்கையைத் துறக்க வேண்டும் என்பதும் இல்லை. ஹார்வர்டின் தாவரவியலாளர் ஆசா கிரே இறைநம்பிக்கை உள்ள கிறித்தவர். டார்வினின் கருத்துக்காக அமெரிக்காவில் முன்னின்று வாதாடியவரும் அவரே. 1876-இல் வந்த ‘டார்வினியானா’ தொகுப்பில் அவர் நம்பிக்கை, டார்வினின் கருத்து இரண்டையும் விட்டுக்கொடுக்கவில்லை.