கன்னத்தில் கரி

நேற்று கடைசியாக எதைப் பார்த்துச் சிரித்தீர்கள் என்று கொஞ்சம் யோசித்துப் பாருங்கள். யாராவது வழுக்கி விழுந்திருப்பார்கள். யாரோ யாரையோ ஓங்கி அறைந்திருப்பார்கள். இல்லாவிட்டால் வடிவேலு எங்காவது உதை வாங்கியிருப்பார்.

நானும் அப்படித்தான் சிரித்துக்கொண்டிருந்தேன், நரிக்குடி டீக்கடை ஒன்றில்.

நரிக்குடி தெரியுமா? அருப்புக்கோட்டையில் பஸ் ஏறி, திருச்சுழியைத் தாண்டிப் போக வேண்டும். ரமண மகரிஷி பிறந்த ஊர் என்று திருச்சுழிக்கு ஆட்கள் வருவார்கள். மருது சகோதரர்கள் பிறந்த முக்குளமும் பக்கத்தில்தான் இருக்கிறது. நரிக்குடியைத் தேடி வருகிறவர்கள் குறைவு. மானாமதுரைக்கும் விருதுநகருக்கும் நடுவில் அதற்கு ஒரு சின்ன ரயில்வே ஸ்டேஷன் உண்டு. மழை பெய்து கண்மாய் பெருகினால் நெல். பெருகாத வருஷம் சீமைக்கருவேலம்தான் வெள்ளாமை. மரத்தை வெட்டி அடுக்கி, மேலே மண்ணைப் பூசி, காற்றுப் புகாமல் மூட்டம் போட்டுக் கரியாக்குவார்கள். சாலையில் போகும்போது இரண்டு பக்கமும் பூமிக்குள்ளிருந்து புகை வருவது போலத் தெரியும். அந்தப் புகைக்குள் நாலைந்து ஆட்கள் நிற்பார்கள். முகம் தெரியாது.

சில வருஷங்களுக்கு முன்னால் ஒரு மத்தியான நேரம். பஸ் வர முக்கால் மணி நேரம் இருந்தது. கடையில் டி.வி. ஓடிக்கொண்டிருந்தது. வழக்கம்போல வடிவேலு. என் பக்கத்தில் ஐம்பது வயது மதிக்கத்தக்க ஒருவர். கண்ணிமை வரைக்கும் கரி. டி.வி.யில் வரப்போகும் வசனம் எல்லாம் அவருக்கு மனப்பாடம். "இப்பப் பாருங்க சார்... இப்ப விழும் பாருங்க" என்று எனக்கு முன்கூட்டியே சொல்லிவிட்டு, விழுந்ததும் தொடையைத் தட்டிச் சிரித்தார். அவர் சிரிப்பதைப் பார்த்து எனக்கும் சிரிப்பு வந்தது.

வெளியே ஒரு பைக் வந்து நின்றது. கரி வாங்குகிற வியாபாரி போலிருக்கிறது. இறங்காமலே கையைச் சொடுக்கி இவரைக் கூப்பிட்டார். இவர் டீ கிளாஸை பெஞ்சில் வைத்துவிட்டு ஓடினார்.

"என்னடா, மூட்டையில பாதி மண்ணா இருக்கு?"

"இல்லண்ணாச்சி, சலிச்சுத்தான்..."

வாக்கியம் முடியவில்லை. அறை விழுந்தது. தோளில் கிடந்த துண்டு மண்ணில் விழுந்தது.

கடையில் ஒரு நொடி சத்தமில்லை. அதே சமயம் டி.வி.யிலும் யாரோ வடிவேலுவை அறைந்தார்கள். பெஞ்சில் ஒருவன் களுக்கென்று சிரித்தான். பிறகு இன்னொருவன். எனக்கும் முன்பே வந்திருந்த சிரிப்பு இன்னும் முகத்தைவிட்டுப் போயிருக்கவில்லை. அந்த வியாபாரி கடைப்பக்கம் திரும்பி எங்களை ஒருமுறை பார்த்தார். நாங்கள் சிரித்துக்கொண்டிருந்தோம். அது அவருக்குப் போதுமானதாக இருந்தது.

அடி வாங்கியவரும் எங்களைப் பார்த்தார். கன்னத்தைத் தடவிக்கொண்டு, வடிவேலு மாதிரியே இடுப்பை வளைத்து நடந்து வந்து சொன்னார்: "ஒண்ணுமில்ல அப்பு... கன்னத்துல கரி இருந்துச்சு. அண்ணாச்சி தொடச்சு விட்டாரு."

கடையே அதிர்ந்தது. வியாபாரியும் சிரித்துக்கொண்டே பைக்கை உதைத்துக் கிளப்பினார். இவர் வந்து உட்கார்ந்து டீ கிளாஸை எடுத்தார். கை நடுங்கியதில் டீ தளும்பி வேட்டியில் கொட்டியது. அதைப் பார்த்தது பக்கத்தில் இருந்த நான் மட்டும்தான்.

பஸ் வந்தது. ஏறிவிட்டேன். ஒரு வார்த்தை பேசவில்லை.

இதுதான் நடந்தது. பெரிய சம்பவம் ஒன்றுமில்லை. ஆனால் அந்த ஆளின் நகைச்சுவைக்குச் சிரித்தது சரியா தப்பா என்று இன்றுவரை எனக்குள் ஒரு வழக்கு நடக்கிறது. நீங்களும் கொஞ்சம் ஜூரியாக உட்காருங்கள்.

'அவரே தமாஷாக எடுத்துக்கொண்டாரே, உனக்கென்ன?' என்று நீங்கள் கேட்கலாம். நியாயமான கேள்வி. பிரெஞ்சு தத்துவ ஞானி ஹென்றி பெர்க்சன் 1900-ல் சிரிப்பைப் பற்றி ஒரு புத்தகம் எழுதினார். சிரிப்பு வர வேண்டுமென்றால் இதயம் சற்று நேரம் மரத்துப்போக வேண்டும் என்பது அவர் கட்சி. பல் டாக்டர் ஊசி போடுவாரே, அந்த மாதிரி. விழுந்தவன் மேல் இரக்கம் வந்துவிட்டால் சிரிப்பு வராது. அப்படியானால் நம் வீட்டு டி.வி.க்கு முன்னால் தினமும் ராத்திரி நாம் நமக்கே மரத்துப்போகிற ஊசி போட்டுக்கொள்கிறோமா? வடிவேலுவைப் பார்த்துச் சிரித்துச் சிரித்துத்தான் நிஜமான அறைக்கும் சிரிக்கப் பழகிவிட்டோமா?

முதலில் அப்படித்தான் நினைத்தேன். பழியைத் தூக்கி வடிவேலு தலையில் போட்டேன். பிறகுதான் அது சரியில்லை என்று பட்டது.

வடிவேலு நரிக்குடிக்கு ரொம்ப தூரத்து ஆள் இல்லை. மதுரைக்காரர். போட்டோவுக்குச் சட்டம் போடும் கடையில் வேலை பார்த்தவர். 1991-ல் 'என் ராசாவின் மனசிலே' படத்தில் ராஜ்கிரண் வாய்ப்புக் கொடுத்தார். அடுத்த வருஷம் 'சின்ன கவுண்டர்' படத்தில் விஜயகாந்துக்குக் குடை பிடித்துக்கொண்டு கூடவே நடக்கிற வேஷம். அதே 1992-ல் 'தேவர் மகன்'. அதில் இசக்கி என்ற வேலைக்காரன். கோயில் பூட்டைத் திறந்ததற்காக ஒரு கையை இழக்கிறவன். குடை பிடிக்கிறவன், கை போனவன்... ஆரம்பத்திலிருந்தே அவருக்குக் கிடைத்த இடம் எது என்று பாருங்கள்.

அந்த இடத்தில் நின்றுகொண்டு அவர் ஒரு காரியம் செய்தார். 'வின்னர்' (2003) கைப்புள்ளையை எடுத்துக்கொள்ளுங்கள். 'தலைநகரம்' (2006) நாய் சேகரை எடுத்துக்கொள்ளுங்கள். அவர்கள் அடி வாங்குகிற நேரம் குறைவு. அடிக்கு முன்னால் விடுகிற உதாரும், அடிக்குப் பின்னால் சட்டையைச் சரிசெய்துகொண்டு ஒன்றுமே நடக்காத மாதிரி நடக்கிற நடையும்தான் நம்மைச் சிரிக்க வைக்கின்றன. 'கூழுக்கும் ஆசை, மீசைக்கும் ஆசை' என்று ஒரு பழமொழி உண்டே, அவருடைய பாதிப் படங்கள் அதற்குள் அடங்கிவிடும். மழையும் இல்லாமல் காசும் இல்லாமல் மீசை மட்டும் மிச்சமிருக்கிற பூமியிலிருந்து வந்தவர்களுக்கு அந்த மீசையின் அருமையும் தெரியும், அபத்தமும் தெரியும். நாம் சிரிப்பது அந்த மீசையைப் பார்த்து. அதாவது, கண்ணாடியைப் பார்த்து.

எங்கள் டீக்கடைக்காரர் எந்த மீசையையும் முறுக்கவில்லை. சலித்தேன் என்று சொல்ல வாய் திறந்தார், அவ்வளவுதான்.

எனக்குத் தெரிந்த ஒரு நாடகக் கலைஞர் இருக்கிறார். திருவிழாக்களில் விடிய விடிய 'வள்ளி திருமணம்' நடக்குமே, சங்கரதாஸ் சுவாமிகள் வழி வந்த அந்த ஸ்பெஷல் நாடகங்களில் பல வருஷம் பபூன் வேஷம் கட்டியவர். ராஜபார்ட்டும் ஸ்திரீபார்ட்டும் வருவதற்கு முன்னால் பபூன்தான் மேடைக்கு வந்து கூட்டத்தைக் கட்டிப்போட வேண்டும். அவரிடம் இந்தக் கதையைச் சொன்னேன். வெற்றிலையைக் குதப்பிக்கொண்டே கேட்டார். பிறகு சொன்னார்:

"தம்பி, மேடையில நாங்க அடிக்கிறப்ப கை கன்னத்துல படாது. மிருதங்கக்காரரு சரியா ஒரு தட்டு தட்டுவாரு. ஜனங்க அந்தச் சத்தத்துக்குத்தான் சிரிக்கும். ஒருவாட்டி தவறிப்போயி நெசமாவே பட்ருச்சு. நானும் சிரிச்சுச் சமாளிச்சேன். பின்னாடி இருந்த எளவட்டமெல்லாம் கைதட்டுனாங்க. மொத வரிசையில தரையில உக்காந்திருந்த பொம்பளைங்க ஒருத்தர்கூடச் சிரிக்கல. அவுகளுக்குத் தெரிஞ்சிருச்சு."

எப்படித் தெரிந்தது என்று கேட்டேன்.

"அடி வாங்குனவுகளுக்குத் தெரியாதா?" என்றார்.

இந்தப் பதிலில் நான் ரொம்ப நாள் நின்றேன். அந்தப் பெண்கள் அதற்கு முன்னால் அரை மணி நேரமாக விழுந்து விழுந்து சிரித்தவர்கள்தான். சிரிக்கத் தெரியாதவர்கள் இல்லை. ஆனால் எந்த இடத்தில் நிறுத்த வேண்டும் என்று அவர்களுக்குத் தெரிந்திருந்தது. பெர்க்சன் சொன்ன ஊசி அவர்களுக்கும் போடப்பட்டிருந்தது. தேவைப்பட்டபோது உடனே உணர்வு வந்துவிட்டது. எனக்கு வரவில்லை. அப்படியானால் தப்பு ஊசியில் இல்லை.

இன்னொன்றும் இருக்கிறது. சினிமாவில் வடிவேலுவை அடிக்கிற கையை நீங்களோ நானோ தடுக்க முடியாது. டைரக்டர் 'கட்' சொன்னதும் அந்தக் கையே துண்டை எடுத்துக் கொடுக்கும். டீக்கடையில் அப்படி இல்லை. அங்கே நாம் பார்வையாளர்கள் கிடையாது, சாட்சிகள். சாட்சி சிரித்தால் அடித்தவனுக்கு அது தீர்ப்பு. அந்த வியாபாரி திரும்பி எங்களைப் பார்த்தது ஏன் என்று இப்போது புரிகிறது. அவர் எங்களிடம் ஓட்டுக் கேட்டார். நாங்கள் போட்டுவிட்டோம்.

ஸ்பெயின் நாட்டு செர்வான்டிஸ் 'டான் கிஹோத்தே' நாவலின் முதல் பாகத்தை 1605-ல் வெளியிட்டார். வீரக் கதைகளைப் படித்துப் படித்துப் புத்தி பேதலித்த ஒரு கிழவன், தன்னை மாவீரன் என்று நம்பிக் குதிரையேறிப் புறப்படுகிறான். போகிற இடமெல்லாம் உதை. பல் போகிறது. அந்தக் காலத்து வாசகர்கள் வயிறு வலிக்கச் சிரித்தார்கள். பின்னால் வந்த வாசகர்கள் பலர் அதே பக்கங்களைப் படித்து அழுதார்கள். புத்தகத்தில் ஒரு எழுத்துகூட மாறவில்லை.

நமக்கும் கிட்டத்தட்ட அது நடந்தது. 2011 தேர்தல் பிரசாரத்துக்குப் பிறகு வடிவேலு திரையில் வருவது வெகுவாகக் குறைந்துபோனது. 'தெனாலிராமன்' (2014), 'எலி' (2015) என்று எப்போதாவது ஒரு படம். ஆனால் அவர் முகம் மட்டும் போன்களுக்குள் இடைவிடாமல் நடித்துக்கொண்டிருந்தது. பெட்ரோல் விலை ஏறினால் அந்த முகம். சம்பளம் வராவிட்டால் அந்த முகம். 2019 மே மாதம் முகநூலில் யாரோ ஒரு சுத்தியல் படத்தைப் போட்டு இதற்கு உங்கள் ஊரில் என்ன பெயர் என்று கேட்க, 'பிரண்ட்ஸ்' (2001) படத்தில் காண்ட்ராக்டர் நேசமணியின் தலையில் விழுந்த சுத்தியல் நம்மவர்களுக்கு ஞாபகம் வர, 'நேசமணிக்காகப் பிரார்த்தியுங்கள்' என்று உலகமே புரியாமல் விழித்தது. வேடிக்கைதான். ஆனாலும் அடி வாங்கும்போது முகத்தை எப்படி வைத்துக்கொள்வது என்று நமக்கு ஒருவர் சொல்லிக் கொடுத்திருக்கிறார் என்பது அப்போதுதான் தெரிந்தது. நம் அவமானத்துக்கு அவர் முகத்தை வாங்கி மாட்டிக்கொண்டோம். இந்தச் சிரிப்பில் யாருக்கும் காயமில்லை. அடி வாங்கியவர்களே அவர்களுக்குள் பகிர்ந்துகொள்கிற சிரிப்பு இது.

பிறகு 2023-ல் மாரி செல்வராஜின் 'மாமன்னன்' வந்தது. எம்.எல்.ஏ. ஆன பிறகும் ஒரு நாற்காலியில் உட்காரத் தயங்குகிற மனிதராக அதே வடிவேலு. அவர் அழுகிற காட்சியில் தியேட்டரில் என் பக்கத்தில் இருந்த பையன்கள் ஆரம்பத்தில் பழக்கதோஷத்தில் சிரிக்கப் பார்த்தார்கள். சிரிப்பு பாதியில் நின்றுபோனது. 31 வருஷத்துக்கு முன்னால் கையை இழந்த இசக்கி திரும்பி வந்து, 'இவ்வளவு நாளாக என்ன பார்த்துச் சிரிச்சீங்க?' என்று கேட்ட மாதிரி எனக்கு இருந்தது.

அந்த மௌனத்தில் உட்கார்ந்திருந்தபோது நரிக்குடி ஞாபகம் வந்தது. அந்தக் கரிக்காரர் சொன்ன நகைச்சுவை தோல்வியா வெற்றியா என்று கேட்டுக்கொண்டிருந்தேன் அல்லவா? இரண்டும் இல்லை என்று இப்போது தோன்றுகிறது. பத்துப் பேர் முன்னால் கன்னம் பழுத்த ஒரு மனிதர், கையில் அகப்பட்டதை எடுத்து முகத்தை மூடிக்கொண்டார். துண்டு மண்ணில் கிடந்தது. நகைச்சுவைதான் கையில் இருந்தது. அது அவருடைய சொத்து. அதை வைத்துச் சிரிக்க அவருக்கு முழு உரிமை உண்டு. எங்களுக்கு இல்லை. நாங்கள் செய்ய வேண்டியிருந்தது ரொம்பச் சின்ன வேலை. வியாபாரியோடு மல்லுக்கு நிற்க வேண்டாம். பெஞ்சைவிட்டு எழுந்து நின்றிருக்கலாம். அந்தத் துண்டை எடுத்துத் தட்டிக் கொடுத்திருக்கலாம். பத்துப் பேர் எழுந்து நின்றால் எந்த அண்ணாச்சிக்கும் இரண்டாவது தடவை கை ஓங்க யோசனை வரும்.

இதனால் வடிவேலுவைப் பார்த்துச் சிரிப்பதை நிறுத்திவிட்டேன் என்று நினைக்காதீர்கள். நேற்றுகூடச் சிரித்தேன். வயிறு வலிக்கச் சிரித்தேன். இப்போது ஒரே ஒரு பழக்கம் கூடியிருக்கிறது. வெளியூர் டீக்கடைகளில் டி.வி. பார்த்துச் சிரிக்கும்போது, பக்கத்தில் டீ குடிக்கிறவரின் கையை ஒருமுறை பார்த்துக்கொள்கிறேன். கிளாஸ் நடுங்குகிறதா என்று.