தாராவின் மகன்

நொன்ஸீ நிமிபுத்ர் இயக்கிய ‘ஜான் தாரா’ (2001) என்ற தாய்லாந்துப் படத்தை, மாற்றாந்தாயோடு மகன் கொள்ளும் உறவுக்காகவே பலரும் பேசுகிறார்கள். எனக்கு உறுத்தியது வேறு. பெற்றதும் தாய் இறந்தாள். அதற்காகவே தகப்பன் பிள்ளையை வெறுத்து, வதைத்து வளர்க்கிறான். அந்தப் பையனுக்காக நான் அழுதேன், மறைக்கவில்லை. தாய் தாரா வன்புணரப்பட்டவள் என்று பின்னால் அறிகிறான். அறிந்தவன்தான், வீடு கைக்கு வந்ததும், தங்கையாக வளர்ந்து குடும்ப மானத்துக்காகத் தனக்கே கட்டிவைக்கப்பட்ட காவ்வைப் பலவந்தப்படுத்துகிறான். பட்ட அடியைக் காட்டி இதற்குக் கழிவு கேட்கலாமா? ‘பாவம், அவனும் என்ன செய்வான்’ என்று என் வாய்வரை வந்துவிட்டது. வந்ததற்குக் காரணம் உண்டு: கதையைச் சொல்பவன் ஜான். காவ் சொல்லியிருந்தால், அடிபட்ட அந்தச் சிறுவனை நான் எத்தனையாவது பக்கத்தில் சந்தித்திருப்பேன்?