அன்பின் வழக்குமொழி

அன்பு கொண்ட இருவருள் ஒருவர் மற்றவரின் பேச்சைத் திருத்தலாமா? சிறிதாகத் தோன்றும் இவ்வினாவினுள் பெரியதோர் அறச்சிக்கல் அடங்கியுள்ளது. மலையாளம் வழங்கும் கேரளத்து இல்லங்களை முன்வைத்து அதனைச் சற்றே ஆராய்வோம்.

மலையாளம் ஒன்றே; அதன் வழக்குகளோ பல. தெற்கே பலரும் 'சேட்டன்' என்றழைப்பவரை மலபாரில் 'ஏட்டன்' என்பர். மாப்பிள்ளை முஸ்லிம் இல்லங்களில் அவரே 'இக்கா'. அண்ணனைக் குறிக்கும் இச்சொற்களாலேயே மனைவியர் பலர் கணவரையும் அழைக்கின்றனர். 'நிங்ஙள்' என்னும் சொல் இன்னும் நுட்பமானது. மலபாரில் அது மரியாதை. 'இங்ஙள்' எனக் குழையும்போது அதில் உரிமையும் கலந்துவிடுகிறது. தெற்கிலோ, ஒருவரை நேர்நின்று 'நிங்ஙள்' என்பதை மதிப்புக் குறைவாகக் கருதுவோர் உண்டு. மலபார்ப் பெண்ணொருத்தி தென் கேரளத்தில் வாழ்க்கைப்பட்டால், அவள் பணிவோடு சொன்ன சொல்லே பணிவின்மையாகக் கேட்கப்படலாம். குற்றம் யாருடையது? எவருடையதும் அன்று. ஆயினும் பொறுப்பு முதலில் கேட்பவருக்கே உரியது. சொல்லின் பொருள் ஊர்வழக்கில் மட்டுமன்று, சொல்பவரின் நெஞ்சிலும் இருக்கிறதன்றோ!

"திருத்துவதும் அன்புதானே? பிறர் நகைக்காதிருக்க வேண்டாமா?" எனச் சிலர் கேட்பர். இது புறக்கணிக்கத்தக்க வினா அன்று. தேர்வுக்கும் அலுவலகத்துக்கும் பொதுமொழி தேவையே. வைக்கம் முகம்மது பஷீர் 1951இல் வெளியிட்ட 'என்றுப்புப்பாக்கொரானேண்டார்ந்நு' நாவலில், மாப்பிள்ளை வழக்கில் பேசும் குஞ்ஞுபாத்தும்மாவுக்கு ஆயிஷா எழுத்துக் கற்பிக்கிறாள். எழுத்தறிவித்தல் கொடை. ஆனால் 'வந்நு' என்பதைப் 'பந்நு' என்பவளைக் கண்டு வீட்டுக்குள்ளேயே நகைப்பது கொடையன்று, பறிப்பு. அவள் தாயிடம் கற்ற நாவையே நாணச் செய்கிறோம். நாணிய நா நாளடைவில் மௌனமாகிவிடும். மௌனமான இடத்தில் நெருக்கம் ஏது?

குரலின் ஆற்றலையும் பஷீரே காட்டியுள்ளார். அவருடைய 'மதிலுகள்' கதையில் சிறைச்சுவருக்கு இருபுறமும் நின்று இருவர் அன்பு கொள்கின்றனர். ஒருவர் முகத்தை மற்றவர் காண்பதே இல்லை. 1990இல் அடூர் கோபாலகிருஷ்ணன் அதனைத் திரைப்படமாக்கியபோதும் நாராயணியின் முகத்தைக் காட்டவில்லை. கே.பி.ஏ.சி. லலிதாவின் குரலே நாராயணியாயிற்று.

அதுபோன்றதொரு சுவர் கடலாகவும் வந்தது. 1970களில் வளைகுடா சென்ற கணவருக்கு எழுதத் தெரியாத மனைவியர் பிறர் கையால் கடிதம் எழுதுவித்தனர். அவர்தம் ஏக்கத்தை எஸ்.ஏ. ஜமீலின் 'துபாய் கத்துப் பாட்டு' ஊரறியச் செய்தது. பின்னர் ஒலிநாடாக்களில் குரலைப் பதிந்து அனுப்பும் வழக்கமும் வந்தது. பிறர் எழுதிய கடிதத்தில் பிழையில்லாதிருக்கலாம். ஒலிநாடாவிலோ பிழையோடு அவளே இருந்தாள். தொலைவிலிருந்த கணவன் எதை விரும்பியிருப்பான்?

எனவே, திருத்தம் கேட்டால் கற்பிப்போம், கேளாதபோது செவிகொடுப்போம். துணைவரின் வழக்குமொழியைக் கற்றுக்கொள்வது நமக்கு இழிவன்று. அது அவர் பிறந்த வீட்டுக்கு நாம் செய்யும் மரியாதை.