காலத்தின் கயிறு யார் கையில்?

ஒரு மண்டபத்தைக் கற்பனை செய்துகொள்வோம். தூண்களைத் தட்டினால் எழும் ஒலிதான் அதை இயக்குகிறது. சுருதி தாழ்ந்தால் உலகில் காலம் மெதுவாக ஓடும், உயர்ந்தால் விரையும், ஒலி அடங்கினால் காலமும் நின்றுவிடும். விஞ்ஞானப் புனைகதைக்கு ஏற்ற கட்டடம்தான். ஆனால் ஒலியே முதற்பொருள், காலம் அதன் ஆற்றல் என்று பேசும் ஒரு தத்துவ மரபு இந்தியாவில் ஆயிரத்து ஐந்நூறு ஆண்டுகளாக இருக்கிறது. அந்த மரபை அறிந்தவருக்கு இந்த மண்டபம் வெறும் விளையாட்டாகத் தோன்றாது. இப்படியொரு யந்திரம் தன்னைத்தானே மறுப்பது என்பதே என் கருத்து. ஆனால் அது விழுந்தால் அந்தப் பழைய சிந்தனையும் கூடவே விழும் என்று நான் நினைக்கவில்லை.

முதலில் மண்டபம் ஏன் நிற்காது என்று பார்ப்போம். ஒலி என்பது காற்றின் அழுத்தம் மாறி மாறி ஏறி இறங்குவது. விநாடிக்கு 440 அதிர்வு என்று ஒரு சுருதியைச் சொல்லும்போதே விநாடி அங்கே முன்கூட்டி வந்துவிடுகிறது. மண்டபம் உலகின் காலத்தைப் பாதி வேகத்துக்குக் குறைத்ததென்றே வைத்துக்கொள்வோம். தூணின் அதிர்வும், கேட்பவரின் நாடித்துடிப்பும், சுவர்க் கடிகாரமும் ஒருசேரப் பாதியாகும். எல்லாமே மெதுவானால் எதுவுமே மெதுவாகவில்லை. மெதுவானது என்று சொல்ல, மண்டபத்துக்கு எட்டாத இன்னொரு காலம் வெளியே ஓடியாக வேண்டும். அப்படி ஒன்று இருந்தால் மண்டபம் அதற்குக் கட்டுப்பட்டது. ஒலி அடங்கிக் காலம் நின்றபின் மறுபடி தூணைத் தட்ட ஒரு கணம் எங்கிருந்து கிடைக்கும் என்ற கேள்வி வேறு இருக்கிறது. தொல்காப்பியம் எழுத்தின் மாத்திரையைக் கண்ணிமைப்பாலும் கைந்நொடிப்பாலும் அளந்தது. நொடிப்பதும் ஓர் ஒலிதான். ஒரு நிகழ்வை இன்னொரு நிகழ்வோடு ஒப்பிட்டதோடு அந்த இலக்கணம் நிறுத்திக்கொண்டது. நாமும் அதற்கு மேல் எதையும் அளப்பதில்லை.

இங்கே இயற்பியல் படித்தவர் குறுக்கிடுவார். காலத்தின் ஓட்டம் மாறக்கூடியது என்று ஐன்ஸ்டைன் காட்டிவிட்டாரே என்பார். நியாயமான குறுக்கீடு. 2010இல் அமெரிக்க ஆய்வாளர்கள் இரண்டு அணுக் கடிகாரங்களில் ஒன்றை வெறும் 33 சென்டிமீட்டர் உயர்த்தி வைத்து, உயரத்தில் இருப்பது சற்றே விரைந்து ஓடுவதை அளந்து காட்டினார்கள். ஆனால் அந்தச் சோதனைக்கும் இரண்டு கடிகாரங்கள் வேண்டியிருந்தன. ஒற்றைக் கடிகாரத்தின் அருகே நிற்பவருக்கு எந்த வேறுபாடும் தெரியாது. காலத்தின் வேகம் என்பது ஒரு நிகழ்வு வரிசைக்கும் இன்னொரு நிகழ்வு வரிசைக்கும் உள்ள உறவு என்பதையே இந்தச் சான்றும் உறுதிசெய்கிறது. உலகம் முழுவதற்கும் சேர்த்து ஒரே கைப்பிடி என்ற எண்ணத்துக்கு இதில் இடமில்லை.

இசை காலத்தை நீட்டுகிறதே என்பது அடுத்த மறுப்பு. ஜெர்மனியின் ஹால்பர்ஷ்டாட் நகரில், புனித புர்கார்டி தேவாலயத்தில், ஜான் கேஜ் என்ற அமெரிக்க இசையமைப்பாளரின் படைப்பொன்றை ஓர் ஆர்கன் வாசித்துக்கொண்டிருக்கிறது. எவ்வளவு மெதுவாக முடியுமோ அவ்வளவு மெதுவாக வாசிக்க வேண்டும் என்பது அவர் இட்ட கட்டளை. 2001 செப்டம்பர் 5 அன்று தொடங்கிய வாசிப்பு 2640இல் முடியும்; 639 ஆண்டுகள். தொடக்கமே ஒரு மௌனம் என்பதால் 2003 பிப்ரவரி வரை குழல்களில் ஒலியே எழவில்லை. 2024 பிப்ரவரி 5 அன்று ஒரு சுரம் மாறியதைக் கேட்க மக்கள் கூடினார்கள். என் கற்பனை மண்டபத்துக்கு இதைவிட நெருங்கிய உறவினர் உலகில் இல்லை. ஆனால் யார் யாரை ஆள்கிறார்கள் என்று பாருங்கள். சுரம் மாற வேண்டிய நாளை நாட்காட்டி குறித்து வைத்திருக்கிறது, ஆர்கன் பணிகிறது. ஆர்கன் ஒரு நாள் பழுதுபட்டால் அந்தத் தேதி வராமல் போகாது. கேட்பவரிடம் நீள்வது காலமல்ல, எதிர்பார்ப்பு. ஒரு துதிப்பாடலை ஓதுகிறவரின் மனத்தில் நினைவும் எதிர்பார்ப்பும் இடம் மாறிக்கொண்டே இருப்பதை வைத்தே புனித அகஸ்டீன் காலத்தை ஆராய்ந்தார். அவர் கண்ட நீட்சி உள்ளத்தின் நீட்சி.

அப்படியானால் பர்த்ருஹரி சொன்னது என்னவாகிறது? ஏறத்தாழ ஐந்தாம் நூற்றாண்டைச் சேர்ந்த இந்த இலக்கணத் தத்துவவாதி, வாக்கியபதீயத்தில், சொல்வடிவான பிரம்மமே முதற்பொருள் என்கிறார். காலம் அதன் தனி ஆற்றல். உலகம் என்ற யந்திரத்தைக் கயிறு பிடித்து ஆட்டுகிற சூத்திரதாரி. கற்பனை மண்டபத்தின் வரைபடம்போலவே தோன்றும். ஆனால் இந்தச் சூத்திரதாரி செய்யும் வேலையைக் கவனிக்க வேண்டும். வேகத்தைக் கூட்டுவதோ குறைப்பதோ அவனுடைய வேலையாகச் சொல்லப்படவில்லை. ஒன்றைத் தடுப்பது, மற்றொன்றை அனுமதிப்பது, அவ்வளவுதான். எல்லாம் ஒரேயடியாக நிகழ்ந்துவிடாமல் விதைக்குப் பின் முளை, முளைக்குப் பின் இலை என்று வரிசைப்படுத்துவதே காலத்தின் ஆட்சி. வாக்கியத்தில் சொற்கள் ஒன்றுக்கொன்று வழிவிட்டு நிற்பதை வாழ்நாள் முழுதும் ஆராய்ந்தவருக்கு உலகத்தின் ஒழுங்கும் அப்படித் தெரிந்ததில் வியப்பில்லை. வேகம் பற்றிய முரண்பாடு இந்தக் கொள்கையைத் தொடுவதேயில்லை.

கடைசி மறுப்பு பக்தர்களிடமிருந்து வரும். ஆதிநாதம் காதால் கேட்கும் ஒலியல்ல, அதை அதிர்வெண் கணக்கில் மடக்குவது முறையா என்பார்கள். முறையல்லதான். ஆனால் கேட்கும் ஒலிக்கும் கேட்காத நாதத்துக்கும் நடுவே அவர்கள் போடும் அந்த வேலி இரண்டு பக்கமும் காவல் காக்க வேண்டும். கேட்காத நாதத்தின் பெருமையை எடுத்து, கேட்கும் மணியோசைக்கும் மந்திர உச்சரிப்புக்கும் காலத்தை வளைக்கும் சக்தி உண்டென்று இத்தனை ஹெர்ட்ஸ், அத்தனை ஹெர்ட்ஸ் என்று விலைபேசும் துண்டுப் பிரசுரங்கள்தான் அந்த வேலியை முதலில் தாண்டுகின்றன. பர்த்ருஹரி இதற்கு இடமே வைக்கவில்லை. ஒரு சொல்லை விரைவாகச் சொன்னாலும், நடுத்தரமாகச் சொன்னாலும், இழுத்துச் சொன்னாலும் சொல் அதேதான். வேற்றுமை அதை வெளிப்படுத்தும் ஓசையில் மட்டுமே என்று அவர் பிரித்துவைத்திருக்கிறார். தன் சொல்லின் நீளத்தைக்கூட மாற்ற முடியாத ஓசை உலகத்தின் காலத்தை எப்படி மாற்றும்?