காலத்தை நெய்யும் புலவன்

நூல் என்னும் சொல்லுக்குத் தமிழில் இரு பொருள் உண்டு. தறியில் ஓடும் இழையும் நூலே. ஏட்டில் நிற்கும் அறிவும் நூலே. 13-ஆம் நூற்றாண்டில் பவணந்தி முனிவர் இயற்றிய நன்னூலின் பாயிரப் பகுதி, சொல்லைப் பஞ்சாகவும், செய்யுளை இழையாகவும், புலவனை நூல் நூற்கும் பெண்ணாகவும், அவன் வாயைக் கையாகவும், அறிவைக் கதிராகவும் உருவகம் செய்கின்றது.

இவ்வுருவகத்தை இன்னும் சற்று நீட்டி, ஒரு புலவனைக் கற்பனை செய்து பார்ப்போம். அவன் பஞ்சையோ பட்டையோ நாடுவதில்லை. நாளும் கிழமையுமாகிய காலத்தையே இழையாக்கித் தறியில் ஏற்றுகின்றான். அவனிடம் நாம் கேட்க விரும்பும் வினா ஒன்று உண்டு. நெய்தது பிழைபட்டால் பிரித்து நெய்ய இயலுமா? சென்ற காலத்தைத் திருத்த வழி உண்டா?

இப்புலவன் கற்பனையே ஆயினும் அவனுக்கு உறவினர் உளர். வள்ளுவர் மயிலையில் நெசவு செய்து வாழ்ந்தார் என்பது செவிவழிக் கதை. 15-ஆம் நூற்றாண்டில் காசியில் வாழ்ந்த கபீர்தாசர் நெசவாளர் குடியில் வளர்ந்தவர். மனித உடலையே நெய்த போர்வையாகக் காணும் பாடல் ஒன்று அவர் பெயரால் வடநாட்டில் பாடப்படுகின்றது. தெற்கும் வடக்கும் தம் ஞானியரைத் தறிமுன் அமர்த்திப் பார்த்தது ஏன்? தறியில் ஓர் இழை சென்ற பின்னரே மறு இழை செல்லும். காலமும் அத்தகையதே அன்றோ?

கிரேக்க மகாகவி ஹோமரின் ஒடிஸி காப்பியத்தில் பெனிலோப்பி என்னும் அரசி வருகின்றாள். போருக்குச் சென்ற கணவன் திரும்பவில்லை. மணக்க வந்தோர் நெருக்குகின்றனர். மாமனாருக்கு ஈமப் போர்வை நெய்து முடித்த பின்னரே மறுமணம் எனக் கூறி, பகலில் நெய்ததை இரவில் பிரித்து மூன்றாண்டுகளைக் கடத்துகின்றாள். துணியைப் பிரித்தாள்; அம்மூன்றாண்டுகளைப் பிரிக்க முடிந்ததா? மகன் வளர்ந்தான்; மாமனார் தளர்ந்தார். ஆகவே நம் வினாவுக்கு முதல் விடை, இயலாது என்பதே.

ஆனால் நெசவாளரிடம் மற்றொரு விடை இருக்கின்றது. தறியில் நீளவாக்கில் நிற்பது பாவு. குறுக்கே ஓடுவது ஊடை. பாவு முன்னரே பூட்டப்பட்டது. பெற்றோர், உடன்பிறந்தார், பிறந்த ஊர் ஆகியவை நமக்குப் பாவு எனலாம். ஊடை, நாள்தோறும் நாம் எறிவது. நெய்கையில் பாவிழை அறுவது இயல்பு. கண்டவுடன் நெசவாளர் தறியை நிறுத்துவார். இழையை முடிச்சிட்ட பின்னரே நாடாவை ஓட்டுவார். காணாதது போல் ஓட்டினால், அவ்விடைவெளி ஒரு கோடாகத் துணியின் நீளத்தில் தொடர்ந்துகொண்டே இருக்கும். காலம் எல்லாவற்றையும் ஆற்றும் என்று நாம் சொல்லிக்கொள்கிறோம். தறி அவ்வாறு சொல்லவில்லை. கவனியாத அறுவையைக் காலம் நீட்டவே செய்யும்.

இங்கே நம் கதையையும் சொல்லாதிருக்க முடியவில்லை. அலுவலகத்தில் நிலுவைக் கோப்புகளுக்குப் பட்டியல் வைத்திருக்கிறோம். எது எத்தனை நாள் கிடக்கின்றது என மாதந்தோறும் கணக்குக் காட்டுகிறோம். ஊரில் தமையனாரோடு வீட்டுப் பங்கு குறித்து எழுந்த மனத்தாங்கல் மட்டும் ஆறாண்டுகளாக எப்பட்டியலிலும் ஏறவில்லை. ஈராண்டுக்கு ஒருமுறை சொந்த ஊர் செல்ல அரசு தரும் பயணச் சலுகையில் சென்றோம். அவர் தெருவைத் தவிர்த்துச் சுற்றிக்கொண்டு நடந்தோம். அடுத்த முறை பேசலாம், பிள்ளைகளின் தேர்வு முடியட்டும் என ஊடையை எறிந்துகொண்டே இருந்தோம். ஒருநாள் நம் மகள், "பெரியப்பாவுக்கு என்னை அடையாளம் தெரியுமா, அப்பா?" என்று கேட்டாள். நாம் முடியாது விட்ட இழை அவள் துணியிலும் கோடாக ஓடுவதை அன்று கண்டோம்.

அன்றிரவே கைப்பேசியில் அழைத்தோம். நீண்ட மௌனம். பின்னர், "சாப்பிட்டாயா?" என்றார் அண்ணா. பங்குப் பேச்சு இன்னும் தீரவில்லை. முடிச்சு துருத்திக்கொண்டுதான் இருக்கின்றது. ஆறாண்டுகளும் திரும்பவில்லை. அவர் மகன் திருமணப் படத்தில் நாம் இல்லை. இனி இருக்கப் போவதுமில்லை. ஆயினும் அக்கோடு அத்துடன் நின்றது. காலத்தை நெய்யும் புலவன் நமக்குத் தரும் விடை இதுவே: நெய்ததைப் பிரிக்க இயலாது; அறுந்ததை முடிய இயலும்.

பிழைப்பு நாடி வந்து பல மொழியாரிடையே வாழும் நமக்கு, தொலைவு ஒரு நல்ல சாக்கு. இழை அறுந்தது நாம் இல்லாத இடத்தில் என்று எளிதில் சொல்லிவிடலாம். ஆனால் அத்துணியை நாளை உடுத்தப் போகின்றவர்கள் நம் வீட்டிலேயே வளர்கின்றனர். இதைப் படிக்கும் அன்பர்களுள் எவருக்கேனும் இத்தகைய இழை ஒன்று நினைவுக்கு வருமாயின், இம்மலரின் எஞ்சிய பக்கங்கள் காத்திருக்கும். முதலில் அவ்விழையை முடிந்துவிட்டு வருக.