ஐயத்திற்கு ஓர் எண்

நம் பங்கைச் சேர்ந்த இளைஞர் ஒருவர் சென்னையில் ஓர் அலுவலகத்தில் பணிபுரிகிறார். அமெரிக்க மருத்துவமனைகளிலிருந்து கணினி வழியே வரும் மருத்துவக் குறிப்புகளைப் படித்து, ஒவ்வொரு நோய்க்கும் உரிய குறியீட்டு எண்ணை இடுவது அவரது வேலை. அந்த எண்ணைக் கண்ட பின்னரே காப்பீட்டு நிறுவனம் பணம் தருகிறது. விடுமுறைக்கு ஊர் வந்திருந்தபோது அவர் நம்மிடம் கேட்டார்: "ஃபாதர், 'ஒட்டோஸ்கிளிரோசிஸ் இருக்கலாம்' என்று டாக்டர் எழுதியிருக்கிறார். அந்த 'இருக்கலாம்' என்பதை விட்டுவிட்டு நோயின் எண்ணைப் போட்டால் அது பொய்யா?" மேலிருப்பவர் போடச் சொன்னாராம். நாளொன்றுக்கு இத்தனை தாள் முடிக்க வேண்டும் என்ற கணக்கும் தலைக்குமேல் தொங்கியதாம்.

மறுமொழி கூறுமுன் நோயைப் பற்றிச் சிறிது அறிந்துகொள்ள வேண்டியதாயிற்று. நடுச்செவியில் மூன்று சிற்றெலும்புகள் உள்ளன. அவற்றுள் கடைசியானது அங்கவடி எலும்பு. மனித உடலிலேயே மிகச் சிறியது, ஏறத்தாழ 3 மில்லிமீட்டர். அதன் அடித்தட்டு, உட்செவியின் வாயிலாகிய நீள்வட்டச் சாளரத்தில் பொருந்தி அசைந்து, ஒலியை உள்ளே செலுத்துகிறது. அங்கே எலும்பு இயல்புக்கு மாறாக வளர்ந்து தட்டு இறுகிவிடுமானால், ஒலி வாயிலிலேயே நின்றுபோகிறது. செவிப்பறையை நோக்கினால் பெரும்பாலும் குறையொன்றும் தென்படாது. கேள்திறன் சோதனை முதலியவற்றைக் கொண்டு மருத்துவர் ஊகிக்கிறார். அறுவை மருத்துவர் செவியைத் திறந்து அவ்வெலும்பைத் தொட்டு அசைத்துப் பார்க்கும்போதுதான் ஐயம் அறவே நீங்குகிறது. ஆகவே 'இருக்கலாம்' என்று எழுதிய மருத்துவர் சோம்பலால் எழுதவில்லை. தாம் அறிந்த அளவை எழுதினார்.

நோய்களுக்கு எண்ணிடும் வழக்கம் புதிதன்று. 1893இல் ஜாக் பெர்ட்டியோன் என்னும் பிரெஞ்சு அறிஞர் இறப்பின் காரணங்களை வகைப்படுத்தி ஒரு பட்டியல் அளித்தார். முதலில் இறந்தோருக்காக எழுந்த அந்தக் கணக்கு, 1948இல் உலக நலவாழ்வு நிறுவனத்தின் பொறுப்பில் வந்தபோது உயிருள்ளோரின் பிணிகளுக்கும் விரிந்தது. அமெரிக்காவில் 2015 அக்டோபர் முதல் வழங்கும் பட்டியலில் நம் இளைஞர் கேட்ட நோய்க்கு 'எச் 80' என்று எண். நீள்வட்டச் சாளரம் அடைபடாத நிலைக்கு 80.0, அடைபட்ட நிலைக்கு 80.1, நோய் நத்தைச்சுருளைப் பற்றியிருந்தால் 80.2. வகை குறிப்பிடப்படாவிட்டால் 80.9. அடுத்த இலக்கம் வலச்செவியா, இடச்செவியா, இரண்டுமா என்று கூறும்.

வியப்பு இனித்தான் வருகிறது. அந்நாட்டு விதிப்படி, புறநோயாளியின் குறிப்பில் 'இருக்கலாம்' என்றிருந்தால் நோயின் எண்ணை இடலாகாது. காது மந்தம் என்ற அறிகுறியின் எண்ணையே இட வேண்டும். ஆனால் மருத்துவமனையில் படுக்கை பெற்றுத் தங்கியவர் வீடு திரும்பும்போது அதே 'இருக்கலாம்' எழுதப்பட்டிருப்பின், நோய் உண்டு என்பதுபோலவே எண்ணிட வேண்டும்! செய்த சோதனைகளும் தொடங்கிய மருத்துவமும் உறுதியான நோய்க்குரியவற்றையே ஒத்திருக்கும் என்பது அதற்குக் கூறப்படும் காரணம். ஒரே ஐயம், வாயிற்புறத்தில் ஐயமாகவும் கட்டிலருகே உண்மையாகவும் ஆகிவிடுகிறது.

இரண்டாம் விதி பொய்யுரைக்கச் சொல்கிறதா? அவ்வாறு நாம் கருதவில்லை. எழுதுபவரும் பணம் தருபவரும் அந்த வழக்கை அறிந்திருக்கும்வரை ஏமாற்றப்படுவோர் எவருமில்லை. ஆனால் எண் அவ்விருவரிடையே நின்றுவிடுவதில்லை. ஆண்டுகள் கழித்து வேறொரு மருத்துவர் அதைப் படிக்கிறார். ஆய்வாளர் எண்ணிக்கையில் சேர்க்கிறார். நோயாளியே தம் தாளில் கண்டு அஞ்சுகிறார். 'இருக்கலாம்' எங்கோ வழியில் உதிர்ந்துபோனதை அவர்களுக்கு யார் சொல்வார்? புறநோயாளிக்கான விதியே உண்மைக்கு அணுக்கமானது என்பது நம் எண்ணம்.

ஒப்புரவு அருட்சாதனத்தைப் பற்றிக் குருமடத்தில் நமக்குக் கற்பித்த பழைய நெறி ஒன்று அப்போது நினைவுக்கு வந்தது. உறுதியானதை உறுதியானதாகவும், ஐயமுள்ளதை ஐயமுள்ளதாகவும் அறிக்கையிட வேண்டும் என்பது அது. செய்ததைக் குறைத்துக் கூறுவோரையே நாம் மிகுதியாகக் கண்டிக்கிறோம். செய்யாததையும் சேர்த்துச் சொல்லி, தாழ்ச்சி என்று மயங்குவோரும் உண்மையிலிருந்து விலகியவர்களே.

'குறிப்பிடப்படாதது' என்ற எண்ணைச் சிலர் இழிவாக நோக்குகின்றனர். நாம் அதை மதிக்கிறோம். அறியாததை அறியவில்லை என்று எழுதுவதற்குப் பட்டியலிலேயே ஓர் இடம் ஒதுக்கியவர்கள் நல்லறிவுடையோர். எனினும் அதிலும் இருவகை உண்டு. 'எச் 80.90' என்றால் நோயின் வகையும் குறிப்பிடப்படவில்லை, எந்தச் செவி என்பதும் குறிப்பிடப்படவில்லை. வகை தெரியாமற்போனதில் குற்றமில்லை. அது எலும்புக்குள் மறைந்திருப்பது. எந்தச் செவி என்பது எப்படித் தெரியாமற்போகும்? நோயாளி எதிரிலேயே அமர்ந்திருந்தாரே! கேட்டிருந்தால் சொல்லியிருப்பார்.

தாமஸ் வில்லிஸ் என்னும் ஆங்கில மருத்துவர் 1672இல் வெளியிட்ட நூலில் காது கேளாத ஒரு பெண்ணைப் பற்றி எழுதினார். வீட்டில் முரசு முழங்கும்போது மட்டும் அவளுக்குப் பேச்சு கேட்குமாம். கணவன் அதற்கென்றே ஒரு பணியாளை முரசு கொட்ட வைத்திருந்தானாம். இரைச்சலில் நன்றாகக் கேட்கும் இந்த விந்தை எலும்பு இறுகிய நோயாளர் சிலரிடம் காணப்படுகிறது. வில்லிஸின் பெயரே அதற்கு வழங்குகிறது. அவளுக்கு இருந்த நோய் எது என்று அவர் அறுதியிடவில்லை. கண்டதை எழுதி வைத்தார்.

நம் இளைஞரிடம் இவ்வளவும் சொல்லவில்லை. குறிப்பை எழுதிய மருத்துவரையே கேட்க வழியுண்டா என்று மட்டும் வினவினோம். உண்டு என்றார், ஆனால் மறுமொழி வரும்வரை அந்தத் தாள் நிலுவையில் கிடக்கும், அன்றைய கணக்கில் தமக்கு ஒன்று குறையும் என்றார். சென்னை திரும்பியபின் தொலைபேசியில் அழைத்தார். கேட்டு எழுதிவிட்டாராம். அன்று கணக்கில் ஒன்று குறைந்ததாம்.